நீ எழுதாமல் விட்ட பால்

மகனே,

சலாம் சொல்லித்தான் தொடங்குகிறேன். அதை யாருக்கும் மறுக்கிற உரிமை எனக்கு இல்லை. நலம் விசாரிப்பதை மட்டும் விட்டுவிடுகிறேன். நீ நலமாக இருப்பதை உன் போட்டோ போட்ட பத்திரிகைகளே சொல்கின்றன. பாரிசில் ஏதோ பாலத்தின் மேல், கழுத்தைச் சுற்றித் துண்டு போட்டுக்கொண்டு, இழவு வீட்டுக்கு வந்தவன்போல முகத்தை வைத்துக்கொண்டு நிற்கிறாய். நான் பெற்ற பிள்ளைக்கு அப்படி ஒரு முகம் இருந்ததில்லை. எழுத்தாளனானதும் அதையும் வாங்கி மாட்டிக்கொண்டாய் போலிருக்கிறது.

இதை ஏன் போனில் சொல்லாமல் பத்திரிகைக்கு எழுதுகிறேன் என்று கேட்பாய். நீ ஊர் அறிய எழுதினாய். நானும் ஊர் அறிய எழுதுகிறேன். ஷார்ஜாவில் நம் காரைக்கால் ஆட்கள் நடத்தும் மாதப் பத்திரிகையில் போடுவதாக ஒப்புக்கொண்டார்கள். நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். எழுத்துப்பிழையைத் திருத்திக்கொள்ளுங்கள், கோபத்தைத் திருத்தாதீர்கள் என்று சொல்லிவிட்டேன். கொடுப்பதற்கு முன்னால் உன் அக்காவை, நீ லாத்தா என்று கூப்பிடுகிறவளை, எதிரில் உட்காரவைத்து முழுவதையும் படித்துக் காட்டினேன். சில இடங்களில் வேண்டாம் என்றாள், அடித்துவிட்டேன். ஒருத்தியைப் பற்றி எழுதினால் அவளிடம் கேட்க வேண்டும் என்று எனக்கு எந்தப் பள்ளிக்கூடத்திலும் சொல்லித்தரவில்லை. நீ இரண்டு நாட்டில் படித்தவன்.

அடுத்த மாதம் நீ இங்கே வருகிறாய். புத்தக விழாவில் உன்னை மேடையில் உட்காரவைத்துப் பேசப்போகிறார்களாம். அதோடு விட்டாயா? "உம்மா, பிரான்சுல இருந்து டிவிக்காரங்க கூட வர்றாங்க. என் வாழ்க்கை, என் எழுத்து ரெண்டையும் வச்சுப் படம் எடுக்கிறாங்க. நம்ம கிச்சன்ல நீங்களும் லாத்தாவும் சும்மா உட்கார்ந்திருந்தாப் போதும். ஒண்ணும் பேச வேணாம்" என்று வாட்ஸப்பில் குரல் அனுப்பியிருந்தாய். ஒன்றும் பேச வேண்டாமாம். பேச வேண்டியதையெல்லாம் முன்பே என் வாயிலிருந்து வாங்கிக்கொண்டு போய்விட்டாய் அல்லவா, இனி எதற்குப் பேச்சு? அந்தக் குரலை உன் லாத்தாவும் கேட்டாள். உனக்கு இந்த வீட்டுக் கதவு எப்படித் திறக்கும் என்பதை அன்றைக்கே அவள் தீர்மானித்துவிட்டாள். அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். ஆனால் நான் எதையும் முதலிலிருந்து சொல்லித்தான் பழக்கம். நீ நடுவிலிருந்து தொடங்குகிறவன். பொறுத்துக்கொள்.

உன் வாழ்க்கையைப் படம் எடுக்கிறவர்களுக்கு அது எங்கே தொடங்கியது என்றாவது தெரியுமா? துபாய் சத்வாவில் ஒரு பழைய வில்லாவில், அறைக்கு ஒரு குடும்பமாக நாங்கள் இருந்த காலத்தில் பிறந்தாய். உன் வாப்பாவுக்கு அந்தத் தெருவிலேயே துணிக்கடை. நீ பேசத் தொடங்கியதே தாமதம். ஆனால் பெரியவர்கள் பேசும் இடத்தில் உனக்கு மட்டும் தூக்கம் வராது. துணி மூட்டைக்குப் பின்னால் சுருண்டு கிடந்து கேட்டுக்கொண்டே இருப்பாய். பிள்ளை சமத்து என்று சொல்லிக்கொண்டோம். உன் வாப்பாவின் பாட்டனார் பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர் என்பதால் அந்த வீட்டு ஆண்களுக்கு அந்த நாட்டுக் குடியுரிமை உண்டு. பள்ளிப் படிப்பு முடிந்ததும் உன்னைப் பாரிசில் பெரியவாப்பா வீட்டுக்கு அனுப்பினோம். உன் பெரியம்மா உனக்கு முதல் மாதமெல்லாம் முந்தின நாள் ரொட்டியைத்தான் வைத்தாள் என்று நீ போனில் அழுதாய். நீ அதை மறந்து அவளுக்கு உன் முதல் புத்தகத்தைக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாய். நான் மறக்கவில்லை. போன வருஷம் அவள் உம்ரா போகிற வழியில் இங்கே வந்தபோது, வேண்டுமென்றே சூடான ரொட்டியாகப் போட்டுப் போட்டு வைத்தேன். அவளுக்குப் புரிந்தது.

உன் வாப்பா மௌத்தானபோது நீ வந்தாய். அதற்காக உன்னை மெச்சாதவர்கள் இல்லை. புருஷனை இழந்தவள் இருக்கிற இத்தாவில் நான் வெள்ளை உடுத்திக்கொண்டு, வெளி ஆண்கள் முகம் பார்க்காமல், நாலு மாதம் பத்து நாள் இந்த வீட்டுக்குள்ளேயே இருந்தேன். உன் லாத்தாவின் புருஷன், என் மருமகன், ஷார்ஜா தொழில்பேட்டையில் ஸ்பேர் பார்ட்ஸ் கடையைத் திறக்கப் போய்விடுவார். உன் லாத்தாவுக்கு வீட்டு வேலை. நீதான் என் பக்கத்தில் உட்கார்ந்தாய். இவ்வளவு பெரிய எழுத்தாளன், வேலையை விட்டுவிட்டு உம்மாவோடு இறால் உரிக்கிறானே என்று எனக்குப் பெருமை. நான் பேசிக்கொண்டே இருந்தேன். துக்கத்தில் இருக்கிறவளுக்கு வாய்தானே மருந்து. நான் நிறுத்தினால் நீ மெதுவாக "அப்புறம்?" என்பாய். அவ்வளவுதான், மறுபடியும் தொடங்கிவிடுவேன். ஒரு பேனாவையும் நீ கையில் எடுக்கவில்லை. "அப்புறம்?" என்று என் மகன் கேட்கிறான் என்று நினைத்தேன் தம்பி. நீ வேலையை விட்டுவிட்டு வரவில்லை, வேலைக்குத்தான் வந்திருந்தாய் என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது.

அப்படி ஒரு நாள்தான் உன் லாத்தாவின் கதையைச் சொன்னேன். நீ பிறப்பதற்கு முன்னால் எனக்கு ஒரு ஆண் குழந்தை பிறந்து தங்காமல் போனது. அடக்கம் செய்துவிட்டு வந்து உன் வாப்பா சுவரைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறார். எனக்கோ பால் கட்டி, சட்டை நனைந்து, நெஞ்செல்லாம் நெருப்பு. அந்த வாரத்திலேயே பக்கத்து அறையில் இருந்த தையற்காரரின் மனைவி பிள்ளை பெற்ற காய்ச்சலில் போய்விட்டாள். அந்தக் குழந்தை புட்டிப்பாலைத் துப்பிவிட்டு, சுவருக்கு அந்தப் பக்கம் கத்துகிறது. அது கத்தக் கத்த இந்தப் பக்கம் என் பால் தானாக வடிகிறது. என்னால் தாங்க முடியவில்லை. எழுந்து போய்க் கதவைத் தட்டி, "கொண்டா இங்கே" என்று வாங்கினேன். உன் வாப்பா தடுக்கவில்லை. "கொடுத்தா அது நம்ம புள்ளை. யோசிச்சுக்க" என்று மட்டும் சொன்னார். "யோசிக்கிற நேரமா இது?" என்றேன். அந்தத் தையற்காரர் ஊருக்குப் போனார், இன்னொரு கல்யாணம் செய்தார், குழந்தையைக் கேட்கவே இல்லை. இருபது வருஷம் கழித்து நிக்காஹ்வுக்குப் பெற்ற தகப்பன்தான் வலீயாக, பெண்ணைக் கொடுக்கும் பொறுப்பாளராக, வந்து நிற்க வேண்டும் என்று பள்ளிவாசல் ஹஜ்ரத் சொன்னதால் அவரைத் தேடிக் கூட்டிவந்தோம். புதுச்சட்டை போட்டுக்கொண்டு வந்தார். அவர் பெயரைச் சொல்லித்தான் நிக்காஹ் நடந்தது. உன் வாப்பா இரண்டாம் வரிசையில் உட்கார்ந்திருந்தார். தையற்காரர் கறியை மறுபடியும் கேட்டு வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, பிள்ளையின் தலையில் கைகூட வைக்காமல் போனார். பரீட்சை என்று சொல்லிப் பாரிசிலேயே இருந்துவிட்டதால் நீ இதையெல்லாம் பார்க்கவில்லை. உன் லாத்தாவுக்கு அதற்கு முன்பே சொல்லித்தான் வைத்திருந்தோம். "சரி உம்மா, பசிக்குது, சோறு வைங்க" என்றாள். அவள் அப்படித்தான்.

இதில் எது முக்கியம் என்பதை அன்றைக்கே உனக்குச் சொன்னேன். பால் கொடுத்தவள் தாய். அந்தத் தாயின் பாலைக் குடித்த பிள்ளைகள் எல்லாரும் கூடப்பிறந்தவர்கள்தான். அதனால்தான் அவள் உன் முன்னால் முக்காடு இல்லாமல் நடமாடலாம், உன் தலையை மடியில் வைத்துப் பேன் பார்க்கலாம், உன்னோடு தனியாகப் பயணம் போகலாம். உங்கள் இருவருக்கும் இடையில் கல்யாணப் பேச்சை நினைத்தாலே ஹராம். ரத்தம் செய்கிற வேலையைப் பால் செய்துவிட்டது. இவ்வளவையும் நான் சொல்ல, நீ இறால் ஓட்டைக் கையில் வைத்துக்கொண்டு கண் கலங்கினாய். "அப்புறம்?" என்றாய்.

இனி அப்புறம் நடந்ததைச் சொல்கிறேன். அடுத்து நீ பிரெஞ்சில் எழுதிய புத்தகத்துக்குப் பரிசு கிடைத்தது, இங்கிலீஷில் வந்தது. உன் லாத்தாவின் மகள் ரிஃபா மாலில் போய் வாங்கிக்கொண்டு குதித்து வந்தாள். "நன்னி, மாமா புக்! நான் படிச்சுத் தமிழ்ல சொல்றேன்!" வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து சாப்பிட்ட பிறகு ஹாலில் உட்கார்ந்தோம்.

"ஃபர்ஸ்ட் லைனே உங்களைப் பத்திதான் நன்னி. என் உம்மா ரொம்ப சைலண்டானவங்க, வருஷக்கணக்கா அவங்க குரலையே நான் கேட்டதில்லன்னு ஆரம்பிக்குது."

அடுக்களையில் இருந்த உன் லாத்தா சிரித்த சிரிப்பில் கரண்டி கீழே விழுந்தது. "யாரு, நம்ம உம்மாவா? யா அல்லாஹ், நெசமாவே கதை எழுதுறவன்தான்!"

நானும் சிரித்தேன். சத்வா வீட்டுக்குப் பால்கனி வைத்திருந்தாய். பால்கனியா? ஜன்னலே ஒன்றுதான், அதிலும் ஏசி உட்கார்ந்திருந்தது. வாப்பா என்னை அடிப்பதாக எழுதியிருந்தாய். அந்த மனிதர் என் மேல் கை வைத்ததில்லை. நான்தான் ஒரு தடவை ஈரத்துணியால் அவர் முதுகில் ஒன்று வைத்தேன். அந்த நாட்டு ஜனங்கள் அதைப் படிக்க மாட்டார்கள் போலிருக்கிறது. மருமகனை இஞ்சின் ஆயில் வாடை அடிக்கிற தடியன் என்று எழுதியிருந்தாய். அவர் சட்டையை முகர்ந்து பார்த்துவிட்டு, "இது ஒண்ணுதான் மாமி உண்மை" என்றார். உன் வாப்பா விஷயத்தை மட்டும் மனதில் தனியாக எடுத்து வைத்துக்கொண்டேன். மற்றதையெல்லாம் கதை என்று விட்டேன்.

அடுத்த வெள்ளிக்கிழமை ரிஃபா படித்துக்கொண்டே வந்தவள் சட்டென்று பக்கங்களைத் தள்ளினாள்.

"ஏன் தாவுறே?"

"போரிங் நன்னி. சும்மா மழை, மேகம்."

"துபாய்ல என்னடி மழை? விட்ட இடத்துல இருந்து படி."

படித்தாள். அந்த வீட்டில் வளர்கிற பெண் அந்த வீட்டுப் பிள்ளை இல்லையாம், யாரோ விட்டுப்போன அநாதையாம். பெயரை மாற்றியிருந்தாய். ஆனால் சத்வா மாடிப்படியில் விழுந்து உன் லாத்தாவுக்குப் புருவத்தில் விழுந்த தழும்பை அப்படியே வைத்திருந்தாய். வாலிபனான பிறகு கதையில் வருகிறவன் அவள் மேல் ஆசை வைக்கிறானாம். அவளுடைய கல்யாணத்துக்கு முந்தின நாள் அதை அவளிடம் சொல்கிறானாம். அவள் அழுகிறாளாம், மறுக்கவில்லையாம். அந்தத் துக்கத்தில்தான் அவன் பாரிசுக்குப் போய் எழுத்தாளன் ஆனானாம். ரிஃபாவின் குரல் தேய்ந்துகொண்டே போனது. நான் தலையைத் திருப்பினேன். அடுக்களை வாசலில் உன் லாத்தா மாவுக் கையோடு நின்றுகொண்டிருந்தாள்.

"ரிஃபா, மூடு அதை."

"உம்மா, நீங்க நன்னியோட பொண்ணு இல்லையா?"

நான் சொன்னேன். "என் பால் குடிச்சு வளர்ந்தவ. என் பொண்ணுதான். உன் மாமனுக்குக் கூடப்பொறந்தவதான்." பால் எப்படிச் சொந்தமாகிறது என்பதை அந்தப் பிள்ளைக்கு விளக்கினேன். கொஞ்ச நேரத்தில் புரிந்துகொண்டது. புரிந்ததும் அது கேட்ட முதல் கேள்வி என்ன தெரியுமா? "அப்போ மாமா ஏன் நன்னி அந்தப் பாலை எழுதல?"

அதைத்தான் உனக்குப் போன் போட்டுக் கேட்டேன். நீ சொன்னதெல்லாம் எனக்கு வரி தப்பாமல் ஞாபகம் இருக்கிறது.

"உம்மா, அது நாவல். அதுல வர்றவன் நான் இல்ல."

"அட்டையில யார் பேரு?"

"பேரு என்னுதுதான். ஆளு நான் இல்ல."

"அப்ப பரிசு வாங்கப் போனது யாரு?"

பிறகு, "முதல்ல பாலை எழுதித்தான் இருந்தேன் உம்மா. அப்புறம் எடுத்துட்டேன். இங்க உள்ளவங்களுக்கு அது புரியாது. விளக்கிக்கிட்டே இருந்தா கதை நின்னுரும்" என்றாய்.

"நின்னாத்தான் என்ன? பால் இருந்தா அந்த அசிங்கக் கதையே நடந்திருக்காதே!"

"அதான் உம்மா" என்றாய்.

அந்த ஒரு வார்த்தை இருக்கிறதே, மகனே, அதில்தான் நான் உன்னை முழுவதும் பார்த்தேன். தெரியாமல் விட்டிருந்தால் மன்னித்திருப்பேன். அந்தப் பால் உனக்கு இடைஞ்சல் என்று தெரிந்தே எடுத்திருக்கிறாய். என் நெஞ்சில் கட்டிக் கொதித்தது, ஒரு உயிரைப் பிழைக்கவைத்தது, அவளை எனக்கு மகளாகவும் உனக்கு லாத்தாவாகவும் ஆக்கியது. அதை எடுத்துவிட்டால் அவள் யாரோ ஒரு பெண். யாரோ ஒரு பெண் ஆனால்தான் உனக்குக் காதல் எழுத முடியும். என் இத்தாவில் என் பக்கத்தில் உட்கார்ந்து கண் கலங்கிக் கேட்டாயே, அப்போது அழுதது என் மகனா, இல்லை, நல்ல சரக்கு கிடைத்துவிட்டது என்று கலங்கிய எழுத்தாளனா? இதைத்தான் நான் படுக்கும்போதும் எழும்போதும் கேட்டுக்கொள்கிறேன்.

பாரிசில் இருக்கிற உனக்கு இங்கே நடந்தது தெரியாது. மருமகன் கடையில் பேரிங் வாங்க வந்த நாகப்பட்டினத்து ஆள் ஒருவர், பத்துப் பேர் நிற்கும்போது, "என்ன நானா, உங்க வூட்டுக் கதை பிரான்ஸ் வரைக்கும் போயிடுச்சாமே, உங்களுக்கு முன்னாடியே ஒருத்தர் லைன்ல நின்னாராமே" என்று இளித்திருக்கிறார். சவூதியில் தம்மாமில் இருக்கும் மருமகனின் அக்கா போன் போட்டு, "கல்யாணத்துக்கு மொத நாளு அவ அழுதது நெசமா?" என்று கேட்டாளாம். எந்தப் பெண்தான் கல்யாணத்துக்கு முதல் நாள் அழுவதில்லை? இதற்கு இப்போது எப்படிச் சாட்சி சொல்வது? மருமகன் நல்லவர். வீட்டில் ஒரு வார்த்தை தடித்துப் பேசவில்லை. சோற்றைப் பிசைந்துகொண்டே, "மாமி, என் பொண்டாட்டியை எனக்குத் தெரியும். ஊருக்குத் தெரியாதே" என்றார். பிசைந்த சோற்றை அப்படியே வைத்துவிட்டு எழுந்து போனார். அவர் கடையில் இப்போதெல்லாம் ஊர்க்காரர்கள் வந்தால் உள்ளே போய் உட்கார்ந்துகொள்கிறாராம். உன் லாத்தா நம் ஆட்கள் கல்யாணம் எதற்கும் போவதில்லை.

உனக்குப் புத்தி சொல்லும் வயது எனக்கு உண்டு, ஆகையால் சொல்கிறேன். எழுது. எழுதாதே என்று சொல்ல மாட்டேன், அது உன் பிழைப்பு. என்னை ஊமை என்று எழுது, கிறுக்கி என்று எழுது, நான் திருப்பிப் பேசத் தெரிந்தவள். திருப்பிப் பேச மாட்டாள் என்று தெரிந்த ஒருத்தியை எடுத்து எழுதுவது ஆண்பிள்ளைத்தனம் இல்லை. அங்கே உள்ளவர்களுக்குப் புரியாது என்றாய். அவர்களுக்குப் புரிகிற மாதிரி எழுதுகிறவனுக்குத்தானே எழுத்தாளன் என்று பெயர்? புரிகிறதை மட்டும் எழுதுவதற்கு நீ எதற்கு? புத்தக விழா மேடையில் உன்னைப் பேசச் சொல்வார்கள் அல்லவா, நம் ஆட்கள் எல்லாரும் வந்திருப்பார்கள் அல்லவா, அங்கே உன் வாயால் சொல்: அவள் என் பால்குடி லாத்தா, நான் எழுதியது பொய், அந்தப் பாலை நான்தான் எடுத்தேன் என்று. தமிழில் சொல். சொல்வாயா என்று எனக்குத் தெரியாது. சொன்னாலும் அவள் மனம் இறங்குமா என்று தெரியாது. அது அவள் இஷ்டம்.

உன் குரலைக் கேட்ட அன்றைக்கு அவளிடம் கேட்டேன். "என்னடி செய்யறது? டிவிக்காரனை வர வேணாம்னு சொல்லிடுறேன். இவனை?"

"வரட்டும் உம்மா. நீங்க பெத்த புள்ளை, நீங்க சோறு போடுங்க. நானே ஆக்கித் தர்றேன். ஆனா அவன் முன்னாடி நான் வர மாட்டேன்."

"உன் தம்பிடி."

"நீங்க சொல்றீங்க. அவன் சொல்லலையே. வேத்துப் பொம்பளைன்னு உலகத்துக்கே எழுதிட்டான். சரி, அப்படியே இருந்துட்டுப் போறேன். வேத்து ஆம்பளை வீட்டுக்கு வந்தா நான் என்ன செய்வேனோ, அதைத்தான் செய்வேன்."

நான் அவளைச் சமாதானம் செய்யவில்லை. செய்யவும் மாட்டேன். உனக்காக இந்த வீட்டில் யாரிடமும் பரிந்து பேசுவதில்லை என்று முடிவு செய்துவிட்டேன்.

அதனால் கேமராக்காரர்களை ஓட்டலில் விட்டுவிட்டுத் தனியாக வா. சின்னப் பிள்ளையிலிருந்து நீ வருகிற மாதிரி கதவைத் தள்ளிக்கொண்டு, "லாத்தா, என்ன சமையல்?" என்று கத்திக்கொண்டு நேரே அடுக்களைக்குள் நுழையாதே. வெளியே நின்று பெல்லை அடி. மற்ற ஆண்கள் வந்தால் எப்படிச் செருமுவார்களோ அப்படிச் செருமு. அவள் கையில் இருப்பதை வைத்துவிட்டு உள் அறைக்குப் போவாள், அறைக் கதவைச் சாத்துகிற சத்தம் உனக்கே கேட்கும். அது கேட்ட பிறகு உள்ளே வா.

உங்கள் இருவரின் உம்மா